கிளாத்தி

ஒக்டோபர் 12
மச்சான் வாழைச்சேனையிலிருந்து கிளாத்தி மீன்குஞ்சு ஒன்றைக் கொண்டுவந்து தந்தார். கரும்பச்சை உடலில் செம்மஞ்சள் கோடுகள். சுண்டுவிரல் நீளம்கூட இல்லை. மாரி பிறந்தால் கடல் கலங்கிவிடும் என்பதால் இப்போதே பிடித்தாராம்.

ஒக்டோபர் 13
தனித்தொட்டியில் விட்டிருக்கிறேன். வெண்புள்ளி நோய் ஒளிந்திருந்தால் வெளிப்படுவதற்கு நான்கு கிழமையாவது வேண்டும்.

ஒக்டோபர் 17
இது 30 சென்ரிமீற்றர் வரை வளரும் இனம். பவளப்பாரில் நண்டையும் கடல் முள்ளெலியையும் உடைத்துத் தின்பதற்கென்றே அமைந்த பற்களை உடையது. பெரிய தொட்டியிலோ கோமாளி மீன் சோடியும், மற்ற மீன்களின் உடலில் ஒட்டுண்ணி பொறுக்கி வாழும் செங்கோட்டு இறாலும் இருக்கின்றன. இடத்துக்காக வரும் சண்டையைப் புதியவரைக் கடைசியாக விட்டும் கற்களை இடம்மாற்றியும் தணிக்கலாம். இறாலை இரையாகப் பார்க்கும் கண்ணை எதைக்கொண்டு மாற்றுவது?

ஒக்டோபர் 18
இறால்.

ஒக்டோபர் 25
இரவு முழுவதும் மின்சாரம் இல்லை. பற்றரியில் இயங்கும் காற்றுப் பம்பியோடு விழித்திருந்தேன். கிளாத்தி குழாய்த் துண்டுக்குள் புகுந்து முதுகுமுள்ளை நிமிர்த்திக்கொண்டது. பின்னாலுள்ள சிறிய முள் அதைப் பூட்டிவிடுவதால் எவராலும் இழுத்தெடுக்க முடியாது. இவ்வளவு பயந்த ஒன்றையா முரடன் என்கிறோம்?

நவம்பர் 8
வாடைக்காற்று. கல்லடிக் கடல் மண்ணிறமாகிவிட்டது. மழைக்கு முன் அள்ளிக் கான்களில் அடைத்த நீர் அடர்த்திமானியில் 1.025 என்று சரியான கடல்நீர் அளவைக் காட்டுகிறது, ஆனால் அது மாதாந்த நீர்மாற்றத்துக்கே போதுமானது. சண்டை மூண்டால் இன்னொரு தொட்டியை நிரப்பத் தண்ணீர் இல்லை என்பதே இப்போது என் கவலை.

நவம்பர் 10
துளையிட்ட பெட்டிக்குள் வைத்துப் பெரிய தொட்டியில் இறக்கினேன். பெண் கோமாளி உடனே பாய்ந்துவந்து பெட்டிச் சுவரை இடித்தது, மாலைவரை ஓயவில்லை. கிளாத்தியோ ஒரு கண்ணால் அதையும் மறு கண்ணால் கற்களையும் பார்த்தபடி அசையாமல் நின்றது. கோமாளியை எவரும் முரடன் என்பதில்லை.

நவம்பர் 11
“இறாலை யாருக்காவது குடுத்திருங்க அப்பா” என்றாள் மகள். கொடுக்க மனமில்லை, தனித்தொட்டி காலியாகத்தானே இருக்கிறது.

நவம்பர் 14
கற்களை மாற்றி அடுக்கினேன். இறால் தனித்தொட்டிக்குப் போய்விட்டது. விளக்கை அணைத்துப் பெட்டியைத் திறந்து அரைமணி நேரமாகிறது. கிளாத்தி இன்னும் வெளியே வரவில்லை.