மோவா நடந்த காட்டுக்குள்

நியூசிலாந்து போகிறவர்கள் பனிமலை, ஏரி, கிவி என்று பட்டியல் போடுவார்கள். நான் தெற்குத் தீவின் மேற்குக் கரைக்குப் போனது மோவாவுக்காக. இறக்கை இருந்த இடத்தில் ஒரு துண்டு எலும்பு கூட இல்லாத, இன்று அழிந்துபோன பறவை அது. கிவிக்கும் நெருப்புக்கோழிக்கும் பறக்க வராவிட்டாலும் இறக்கை எலும்பாவது இருக்கிறது, மோவாவுக்கு அதுவும் கிடையாது. மொத்தம் ஒன்பது இனங்கள். சின்னது வான்கோழி அளவு, பெரியது கழுத்தை நிமிர்த்தினால் 3.6 மீட்டர் உயரம், 230 கிலோ எடை. அதுவும் அந்த ராட்சத அளவெல்லாம் பெட்டைக்குத்தான். சேவல் அதில் பாதி எடை கூட இருக்காது. இரண்டும் வேறு வேறு இனம் என்றே ரொம்ப காலம் நினைத்திருக்கிறார்கள், 2003-இல் டிஎன்ஏ பார்த்த பிறகுதான் ஒரே இனத்தின் ஆணும் பெண்ணும் என்று தெளிவானது.

வெஸ்ட்போர்ட்டிலிருந்து வடக்கே கரமேயா சுமார் 100 கிலோமீட்டர். அதைத் தாண்டி ஒபராரா பள்ளத்தாக்குக்கு ஜல்லிச் சாலை, எதிரே வண்டி வந்தால் ஒதுங்க இடம் தேட வேண்டும். ஆற்றுத் தண்ணீர் பால் விடாத டீ நிறத்தில் ஓடுகிறது, காட்டுச் சருகிலிருந்து இறங்கும் சாயம். இங்கேயுள்ள ஹனிகோம்ப் ஹில் குகைக்குள் வழிகாட்டி இல்லாமல் போக முடியாது. ஹெல்மெட், தலைவிளக்கு எல்லாம் மாட்டிக்கொண்டு நுழைந்தோம்.

குகையின் கூரையில் அங்கங்கே பொத்தல்கள். மேலே காட்டில் மேய்ந்த பறவை கால் இடறி உள்ளே விழுந்தால் அவ்வளவுதான், ஏறி வர வழியில்லை. அப்படிப் பல ஆயிரம் வருஷமாக விழுந்தவற்றின் எலும்புகளைச் சுண்ணாம்புக் கல் கரைய விடாமல் வைத்திருக்கிறது. ஒரு கால் எலும்பின் மேல் விளக்கை அடித்துக் குனிந்து பார்த்தேன். பழுப்பு நிறம், கீழ் முனையில் மூன்று விரலுக்கும் மூன்று உருண்டைகள், நடுவில் இருப்பது மட்டும் கொஞ்சம் முன்னால் நீட்டிக்கொண்டு. தேய்மானமே இல்லை, நேற்று வரை நடந்த கால் மாதிரி. தொடக்கூடாது, தொடவும் மனசு வரவில்லை.

இது டைனோசர் காலத்துக் கதை இல்லை என்பதுதான் என்னை உலுக்கியது. 13-ஆம் நூற்றாண்டின் கடைசியில் நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளின் முன்னோர்கள் வந்து இறங்கும்போது மோவா இந்தக் காடுகளில் உயிரோடு மேய்ந்துகொண்டிருந்தது. அடுத்த 150 வருஷத்துக்குள் ஒன்று கூட மிச்சமில்லை. அப்போது அந்தத் தீவுகளில் இருந்த ஜனம் சில ஆயிரம் பேர்தான் இருக்கும். அதுவரை மோவாவுக்கு இருந்த பெரிய எதிரி ஹாஸ்ட் கழுகு, வானத்திலிருந்து வருவது. தரையில் ஓடி வந்து வேட்டையாடும் மிருகமே மோவா பார்த்ததில்லை. வளர்ந்து முட்டையிடப் பல வருஷம் ஆகும், இடுவதும் ஒன்றிரண்டு. முட்டையையும் தாயையும் சேர்த்து எடுத்தால் எப்படித் தாங்கும்? மோவா போனதும் அதை நம்பியிருந்த கழுகும் போய்விட்டது. மாவோரிகளை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது எனக்குச் சரியாகப் படவில்லை. மனிதன் புதிதாகக் கால் வைத்த தீவுகளில் எல்லாம் கிட்டத்தட்ட இதே கதைதான், மடகாஸ்கரின் யானைப் பறவை உட்பட.

இந்தப் பக்கம் வருகிறவர்கள் ஹொரோஎகா என்ற மரத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டு பாருங்கள். கன்றாக இருக்கும்போது இலைகள் ரம்பம் போல விறைப்பாகக் கீழ்நோக்கித் தொங்கும், வாயில் வைக்கவே முடியாது. மூன்று மீட்டருக்கு மேல் வளர்ந்துவிட்டால் சாதாரண இலை விட ஆரம்பிக்கும். மோவாவின் அலகுக்கு எட்டாத உயரம் அது என்று ஆய்வாளர்கள் சிலர் சொல்கிறார்கள். அந்த மரத்தடியில் ரொம்ப நேரம் நின்றேன், கழுத்து வலிக்கும் வரைக்கும்.

அப்புறம் ஒரு விஷயம், நம்மவர்களுக்காக. தமிழ் எழுத்து பொறித்த கப்பல் மணி ஒன்றை நியூசிலாந்தில் கண்டெடுத்தார்களே, அதை மாவோரிகளிடமிருந்து வாங்கிய கிறிஸ்தவ மிஷனரி வில்லியம் கொலென்சோதான் மோவாவைப் பற்றி முதன்முதலில் எழுதியவர்களிலும் ஒருவர். 1838-இல் கிழக்குக் கரையில் மோவா பற்றிய பேச்சைக் கேட்டு, பிறகு எலும்புகளையும் சேகரித்திருக்கிறார். அந்த மணி இப்போது வெலிங்டன் தெ பாப்பா அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது.