ஒலிவாங்கியைப் பிடித்தபடி கற்ற நடிப்பு

கொழும்பு வெள்ளவத்தையில், கடற்கரைத் தண்டவாளத்துக்கு அண்மையிலுள்ள வீடொன்றில் படம் எடுப்பதென்றால், வசனத்தை மனனம் செய்வதற்கு முன்பே புகையிரத நேரங்களை மனனம் செய்துகொள்ள வேண்டும். சென்ற மாதம் அத்தகையதொரு வீட்டில் நடைபெற்ற குறும்படப் படப்பிடிப்பில் நான் மூத்த மகனாக நடித்தேன்; நான் இல்லாத காட்சிகளில் ஒலிவாங்கி பிடித்தேன். குழுவில் பத்துப் பேர்கூட இல்லாததால், எல்லோருக்குமே இரண்டு வேலைகள் இருந்தன.

நீண்ட கோலின் நுனியில் ஒலிவாங்கியைப் பொருத்தி, அதன் நிழலும் சட்டகத்துக்குள் விழாதவாறு, பேசுபவரின் தலைக்குச் சற்று மேலே தாங்கிப்பிடிப்பது தோளை முறிக்கும் வேலை. மின்விசிறியை நிறுத்தி, குளிர்சாதனப் பெட்டியை அணைத்து, யன்னல்களைச் சாத்திய பின்னரும் பாண் விற்றுவரும் 'சூன் பாண்' முச்சக்கரவண்டி தன் மெட்டை ஒலித்தபடி ஒழுங்கைக்குள் நுழைந்துவிடும். அது கடந்துபோகும் வரை, அழ வேண்டிய நடிகை தன் கண்ணீரைக் காத்துக்கொண்டு அசையாமல் அமர்ந்திருப்பார்.

அன்று முற்பகல் ஹெட்ஃபோனில் ஒன்றைக் கவனித்தேன். தாயாக நடித்த அந்த மூத்த நடிகை, கனமான வசனம் ஒவ்வொன்றுக்கும் முன்னர் மூச்சை மெல்ல வெளியே விட்டு, ஏறக்குறைய வெறுமையான நெஞ்சோடு பேசத் தொடங்கினார். அருகில் நிற்பவருக்குக்கூடக் கேட்காத அந்த மூச்சு, ஒலிவாங்கிக்குக் கேட்டது. பிற்பகலில் அவருக்கு எதிரே நடிக்கும்போது, அவருடைய கடைசிச் சொல் முடிந்தவுடன் என் வசனத்தைத் தொடங்கும் பழைய பழக்கத்தை விட்டு, அந்த மூச்சுக்காகக் காத்திருந்தேன். காட்சி முடிந்ததும், "தம்பி, இண்டைக்குத்தான் நீர் எனக்குக் காது குடுத்து நடிச்சனீர்" என்றார். இதைவிடப் பெரிய பாராட்டு எனக்குக் கிடைத்ததில்லை.

நடிப்பும் ஒலிவாங்கி பிடிக்கும் வேலைக்குக் கைகொடுக்கிறது. வசனம் தெரிந்திருப்பதால், எந்தச் சொல்லில் தலை திரும்பும் என்பதை அறிந்து, ஒரு கணம் முன்னதாகவே கோலைத் திருப்ப முடிகிறது.

திரைக்குப் பின்னாலிருந்து முன்னால் வருவது நம் நாட்டுக்குப் புதிதன்று. சிங்களத் திரையுலகின் பெரும் நட்சத்திரமாவதற்கு முன்னர் காமினி பொன்சேகா, 1956 இல் வெளிவந்த 'ரேகாவ' படத்தில் உதவியாளராகப் பணியாற்றியவர். பின்னாளில் தாமே படங்களை இயக்கினார். 1976 இல் வெளிவந்த இலங்கைத் தமிழ்ப் படமான 'கோமாளிகள்' படத்தை எழுதியவரும் அதில் முதன்மையாக நடித்தவரும் எஸ். ராம்தாஸ்தான். எனினும், மறைவில் செய்யும் வேலைக்கு உரிய மதிப்பு இன்னும் கிடைப்பதில்லை. முன்னர் நான் பங்கேற்ற ஒரு படத்தின் பெயர்ப்பட்டியலில் நடிகனாக என் பெயர் இருந்தது. இருபது நாட்கள் ஒலிவாங்கி பிடித்தது இடம்பெறவில்லை. அது இன்றும் எனக்கு வலிக்கிறது.

இறுதி நாள் மாலையில், படத்தொகுப்பின்போது வசனங்களுக்கு இடையிலுள்ள வெற்றிடத்தை நிரப்புவதற்காக, யாரும் பேசாத அறையின் ஒலியை ஒரு நிமிடம் பதிவு செய்ய வேண்டியிருந்தது. கதாபாத்திரத்தின் சட்டையைக் கழற்றாமலே கோலைத் தூக்கிக்கொண்டேன். அம்மாவாக நடித்தவர் கதிரையில் கண்மூடி அமர்ந்திருக்க, எல்லோரும் நின்ற இடத்திலேயே நின்றோம். ஐம்பதாவது விநாடியில் தெஹிவளைப் பக்கமிருந்து புகையிரதத்தின் ஊதல் கேட்டது. நாங்கள் மீண்டும் முதலிலிருந்து தொடங்கினோம்.