16,543 வார்த்தைகள்

அமெரிக்காவின் நெவாடா மாநிலத் தலைநகர் கார்சன் சிட்டியில் இன்று நெவாடா தின ஊர்வலம். பக்கத்தில் நின்ற குட்டிப் பையன் அசைத்த நீல மாநிலக் கொடியின் மூலையில் இரண்டே சொல்: Battle Born. போரில் பிறந்தது என்று அர்த்தம்.

1864 அக்டோபர். உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருக்கிறது, நவம்பர் 8 ஜனாதிபதி லிங்கனுக்குத் தேர்தல், அதற்குள் இந்தப் பிரதேசம் மாநிலமாகிவிட வேண்டும். அதற்காகத் தபாலில் போன, புது மாநிலத்தின் அரசியலமைப்பு நகல்களோ வாஷிங்டன் போய்ச் சேரவில்லை. சரி, தந்தியில் அடித்துவிடுவோம் என்று ஆளுநர் ஜேம்ஸ் நை முடிவெடுத்தார்.

முழு அரசியலமைப்பையும்! 16,543 வார்த்தைகள்.

நேர் கம்பி கிடையாது. சால்ட் லேக் சிட்டியில் ஒருவர் கேட்டு எழுதி மறுபடி அடிக்க, அப்புறம் சிகாகோ, அப்புறம் பிலடெல்பியா என்று இரண்டு நாள் போனது. செலவு 4,303 டாலர் 27 சென்ட்.

அக்டோபர் 31, நெவாடா 36-வது மாநிலம்.

தந்தி அடித்த அந்த விரல்களை நினைத்தால் எனக்கு இப்போதும் சிலிர்க்கிறது.

ஆனால் அதே வார்த்தைகளுக்குள்தான் ஓட்டு வெள்ளை ஆண்களுக்கு மட்டும் என்பதும் இருந்தது. நான் நின்ற தெரு, பூர்வகுடிகளான வாஷோ மக்களின் மண். அவர்களுக்கு அன்று ஓட்டில்லை.

‘வெள்ளை’ என்ற அந்தச் சொல்லையும் யாரோ ஒருவர் ஒவ்வொரு எழுத்தாகத் தட்டித்தான் அனுப்பியிருப்பார்.