குரூப் 2 மெயின்ஸ்: வறுமைக் கேள்வியில் நான் விழுந்த இடம்

நேற்று முடிவு வந்தது. பட்டியலில் என் பதிவெண் இருக்கிறது. மூன்றாவது முயற்சி. சொன்னதும் அம்மா பீடி முறத்தை மடியிலிருந்து இறக்காமலேயே அழுதார்.

போன முறை என்னைக் கவிழ்த்தது உலக வறுமைக் கோடு கேள்விதான் என்று இன்றும் நம்புகிறேன். ஒரு நாளைக்கு 2.15 டாலர் என்று எழுதி, அன்றைய டாலர் விலையால் பெருக்கி, வந்த ரூபாயை வைத்தே முழுப் பதிலையும் கட்டினேன். அத்தனையும் தப்பு. அது வாங்கும் திறன் சமநிலை டாலர். 2017இல் சந்தையில் ஒரு டாலர் சுமார் 65 ரூபாய். வாங்கும் திறன் கணக்கில் 20.65 ரூபாய்தான். அமெரிக்காவில் ஒரு டாலருக்குக் கிடைப்பது இங்கே ஏறக்குறைய 21 ரூபாய்க்குக் கிடைக்கும் என்று பொருள். வேறு எதை விட்டாலும் இதை விடாதீர்கள். 2025 ஜூனில் கோடு 3 டாலராக மாறிவிட்டது. பழைய கையேடுகளில் இன்னும் 2.15க்கும் முந்தைய 1.90தான் கிடக்கிறது.

அப்புறம் உலகப் பல்பரிமாண வறுமைக் குறியீடு. உடல்நலம், கல்வி, வாழ்க்கைத் தரம் மூன்றிலும் ஒரு வீட்டுக்கு என்னென்ன இல்லை என்று பார்ப்பது அது. அதன் பத்துக் குறிகாட்டிகளும் மனப்பாடத்தில் நிற்கவே இல்லை. கடைசியில் குடியாத்தத்தில் எங்கள் தெருவையே வைத்துப் படித்தேன். விறகு அடுப்பு என்றால் எதிர்வீட்டுப் பாட்டி. கழிப்பறை என்றால் நாலு வீட்டுக்குப் பொதுவான அந்த ஒன்று. வருமானத்தை மட்டும் பார்த்தால் ஏன் போதாது என்பதும் அப்போதுதான் உறைத்தது. கட்டு சரியில்லை என்று அம்மா சுற்றிய பீடியைக் கழித்துவிட்டால் அந்த வாரக் கூலி குறையும். அடுத்த வாரம் ஏறும். அடுப்பும் கழிப்பறையும் அப்படியேதான் இருக்கும். இதையே பதிலில் எழுதினேன்.

மற்றவை சுருக்கமாக:

இந்தியாவின் வறுமைக் கோட்டை வகுத்த குழுக்களும் அறிக்கை வந்த ஆண்டும்: அலக் 1979, லக்டவாலா 1993, டெண்டுல்கர் 2009, ரங்கராஜன் 2014.

2011-12க்கு டெண்டுல்கர் முறையில் 21.9 சதவீதம் ஏழைகள், ரங்கராஜன் முறையில் 29.5. கோடு நகர்ந்தால் ஏழைகளின் எண்ணிக்கையும் நகரும் என்று கட்டாயம் எழுதுங்கள்.

ஐ.நா.வின் நிலையான வளர்ச்சி இலக்குகளில் 1 வறுமையை ஒழிப்பது; 10 ஏற்றத்தாழ்வைக் குறைப்பது. இரண்டையும் குழப்ப வேண்டாம். சீனாவில் 1978க்குப் பின் வறுமை பெருமளவு குறைந்தது, ஏற்றத்தாழ்வு கூடியது. இந்த ஓர் உதாரணம் போதும்.

ஏற்றத்தாழ்வை அளக்கும் கினி கெழுவைக் கேட்டால், வருமானம் எப்படிப் பங்காகிறது என்று காட்டும் லாரன்ஸ் வளைகோட்டை வரைந்துவிடுங்கள்.

குழுவாகப் படிப்பது எனக்கு ஒத்துவரவில்லை. வேலூர் மாவட்ட மைய நூலகத்தில் தனியாக உட்கார்ந்து, தினம் ஒரு பதிலைக் கையால் எழுதினேன். அந்த நோட்டுகளை அடுத்த வாரம் அங்கே கொண்டு வருகிறேன், வேண்டியவர்கள் நகல் எடுத்துக்கொள்ளலாம்.