கொரோலா 121-க்கு லோவர் ஆர்ம்: ஜூலை மாதக் குறிப்புகள்

2025 ஜூலை 2, புதன்

காலி வீதியில் சிக்னலுக்காக பிரேக் பிடித்து வண்டி நிற்கப்போகும் கடைசி நொடியில், இடது முன்பக்கத்தில் 'டொக்' என்று ஒரு அடி. ஒரே ஒரு அடிதான். வீட்டு வாசலில் ரிவேர்ஸ் எடுத்து பிரேக்கை மிதித்தால் இன்னொரு அடி. சில வாரங்களாக இது இருக்கிறது, இப்போது நன்றாகவே கேட்கிறது. பின்சீட்டில் இருந்த அம்மாவே இன்று "என்ன சத்தம் அது?" என்று கேட்டுவிட்டார்.

வண்டி டொயோட்டா கொரோலா 121. 2003-ஆம் ஆண்டுத் தயாரிப்பு, 1.5 லீற்றர் எஞ்சின், ஓட்டோ கியர். எஞ்சினில் குறை சொல்ல ஒன்றுமில்லை. இலங்கையில் 2020 மார்ச்சில் நின்றுபோன வாகன இறக்குமதி இந்த வருடம் பெப்ரவரியில் திரும்பத் திறந்தாலும், வரியோடு சேர்த்துச் சொல்லும் விலைகள் எங்களைப் போன்றவர்களுக்கு எட்டாது. ஆகவே இந்த வண்டியை இன்னும் பல வருடம் ஓட்ட வேண்டும், ஒழுங்காக ஓட்ட வேண்டும்.

சத்தத்தை வைத்தே கொஞ்சம் ஊகிக்கலாம். கரடுமுரடான தெருவில் மெதுவாகப் போகும்போது 'கடகட' என்று தொடர்ந்து கேட்டால் முதலில் ஸ்டெபிலைசர் லிங்க்கை, அதாவது வளைவில் வண்டி சாய்வதைக் குறைக்கும் கம்பியை இணைக்கும் சிறு தண்டை, பார்க்க வேண்டும். ஸ்டியரிங்கைத் திருப்பும்போது மட்டும் முறுக்கிக்கொண்டு சத்தம் வந்தால் ஷொக் அப்சோர்பரின் மேல் மவுன்ட். பிரேக் பிடிக்கும்போதும் விடும்போதும் ஒற்றை அடி என்றால் லோவர் ஆர்ம் புஷ் மேல்தான் சந்தேகம் போகிறது. லோவர் ஆர்ம் என்பது சில்லை வண்டியின் அடிச்சட்டத்தோடு பிடித்து வைக்கும் இரும்புக் கை, புஷ் என்பது அதன் மூட்டில் இருக்கும் ரப்பர் உருளை. இடது டயரின் உள்பக்க ஓரம் வெளிப்பக்கத்தைவிட அதிகம் தேய்ந்திருப்பதையும் இன்று பார்த்தேன்.

ஜூலை 5, சனி

கொட்டாஞ்சேனையில் வழக்கமாகப் போகும் கராஜ். கராஜ்கார அண்ணன் முதலில் வண்டியைத் தூக்கவில்லை. என்னை உள்ளே உட்கார்த்தி, முன்னும் பின்னும் அரையடி நகர்த்தி பிரேக்கை மிதிக்கச் சொல்லிவிட்டு, தான் வண்டிக்கு அடியில் இருக்கும் வேலைக் குழிக்குள் இறங்கி நின்று பார்த்தார். பிறகு என்னையும் கூப்பிட்டார்.

"தம்பி, இதப் பாருங்க. இது நேத்து உடைஞ்சதில்ல. ரொம்ப நாளா கிழிஞ்சுக்கிட்டே வந்திருக்கு."

இடது ஆர்மின் பின் புஷ்ஷில் ரப்பர் பாதி வட்டத்துக்குக் கிழிந்து இரும்பை விட்டு விலகி நின்றது. கடப்பாரையை இடையில் கொடுத்து மெல்ல நெம்பியதும் ஆர்ம் முழுதாக முன்னுக்கும் பின்னுக்கும் போய்வந்தது. வலது பக்கம் அந்த அளவுக்கு மோசமில்லை, ஆனாலும் வெடிப்புகள் இருந்தன.

இந்த ஆர்ம் 'எல்' வடிவம். ஒரு முனையில் போல் ஜொயின்ட் (பந்து மூட்டு) வழியாகச் சில்லைப் பிடித்திருக்கிறது, மற்ற இரண்டு முனைகளும் புஷ் வழியாக கிராஸ் மெம்பரில் (எஞ்சினுக்குக் கீழே குறுக்காக ஓடும் சட்டம்) பிடித்திருக்கின்றன. வளைவில் திரும்பும்போது வரும் பக்கவாட்டுச் சுமையில் பெரும்பங்கை முன் புஷ் தாங்குகிறது. பிரேக் பிடிக்கும்போது வீதி சில்லைப் பின்னோக்கித் தள்ளும், அந்தத் தள்ளலுக்கு இடம்கொடுத்துத் திரும்பத் தாங்கிப் பிடிப்பது பின் புஷ்ஷின் வேலை. கொழும்பு ஓட்டம் என்றால் பொரளையானாலும் பம்பலப்பிட்டியானாலும் பிரேக்கும் நகர்வுமாகத்தானே போகிறது. பின் புஷ் முதலில் கிழிவதில் ஆச்சரியம் இல்லை.

அப்புறம் சில்லைத் தூக்கி, மேலும் கீழுமாகப் பிடித்து ஆட்டிப் பார்த்தார். வலது போல் ஜொயின்டில் லேசான ஆட்டம். அதன் ரப்பர் உறை கிழிந்து கிரீஸ் வெளியேறி, மணல் உள்ளே போயிருந்தது. எனக்குக் கவலை தந்தது இதுதான். புஷ் கிழிந்தால் சத்தம் வரும், டயர் தேயும், பிரேக்கில் வண்டி ஒரு பக்கம் இழுக்கும். போல் ஜொயின்ட் கழன்றால் சில்லே மடிந்து வண்டி தரையில் உட்கார்ந்துவிடும்.

வருடாவருடம் வரி அனுமதிப்பத்திரம் எடுக்கப் புகைப் பரிசோதனைக்குப் போகிறோம். அங்கே பார்ப்பது புகையை மட்டும்தான். சொந்த உபயோகக் காரின் அடிப்பக்கத்தைப் பார்த்தே ஆக வேண்டும் என்று யாரும் கேட்பதில்லை. பஸ்ஸுக்கும் லொறிக்கும் தகுதிச் சான்றிதழ் இருக்கிறது, நமக்கு அது இல்லை. இருபது வருடம் கடந்த கார் வைத்திருப்பவர்கள் வருடத்துக்கு ஒரு முறையாவது ஒரு நல்ல கராஜில் வண்டியைத் தூக்கிக் காட்டுங்கள். தயவுசெய்து.

ஜூலை 8, செவ்வாய்

அரைநாள் லீவு போட்டுவிட்டு, கொழும்பில் வாகன உதிரிச் சாமான் கடைகள் நிறைந்த பஞ்சிகாவத்தைக்குப் போனேன். வண்டியின் சஸி (அடிச்சட்ட) நம்பரை எழுதி எடுத்துப் போயிருந்தேன். 121 என்று மட்டும் சொன்னால் கடைக்காரர் கைக்குக் கிடைத்ததை எடுத்து வைப்பார். டொயோட்டாவின் சாமான் இலக்கத்தில் 48068 என்று தொடங்குவது வலது ஆர்ம், 48069 இடது. அதற்குப் பின்னால் வரும் இலக்கங்கள் மொடலுக்கு மொடல் மாறும், அதைச் சஸி நம்பரை வைத்துத்தான் உறுதிப்படுத்த முடியும்.

என் முன்னே வைக்கப்பட்டவை நான்கு வகை. டொயோட்டா கம்பனியின் ஜெனுவின் பெட்டியில் முழு ஆர்ம், விலையைக் கேட்டதும் நன்றி சொல்லிவிட்டு நகர்ந்தேன். பெயரே கேள்விப்படாத பெட்டியில் பளபளவென்று கறுப்புப் பூச்சோடு புது ஆர்ம், அது ஜெனுவினின் சிறு பங்கு விலைதான். ஜப்பானிலிருந்து கழற்றி வந்த ரீகண்டிஷன் ஆர்ம், புஷ்ஷோடும் போல் ஜொயின்டோடும். கடைசியாக, புஷ் மட்டும் தனியாக.

மலிவான புது ஆர்மைக் கையில் எடுத்துப் பார்த்தேன். எடை குறைவு. வெல்டிங் கோடு ஓரிடத்தில் தடித்தும் ஓரிடத்தில் மெலிந்தும் ஓடியது. புஷ்ஷின் ரப்பரை விரல் நகத்தால் அழுத்தினால் வெறும் கட்டி. இந்த விலையில் வருவது எல்லாமே மோசம் என்று நான் சொல்ல மாட்டேன், ஆனால் அம்மாவை ஏற்றிக்கொண்டு போகும் வண்டியில் அந்த வெல்டிங்கை நம்ப எனக்கு மனம் வரவில்லை.

ரீகண்டிஷன் பக்கம் பெரும்பாலானோர் போவதற்குக் காரணம் உண்டு. கம்பனி இரும்பு, கம்பனி அளவு. கடைக்காரரும் "குறைய ஓடின வண்டியில கழட்டினது" என்றார். ஓட்டம் குறைவாக இருக்கலாம், வயது குறையாதே. ரப்பர் ஓட்டத்தால் மட்டும் கெடுவதில்லை. சூடும் காற்றில் உள்ள ஓசோனும் எண்ணெய்க் கசிவும், ஓடாமல் நிற்கும் வண்டியின் ரப்பரைக்கூட இறுக்கி வெடிக்க வைக்கும். அந்த ஆர்மில் இருந்த புஷ்ஷை வளைத்துப் பார்த்தபோது மெல்லிய வெடிப்புக் கோடுகள் தெரிந்தன. இதைப் பூட்டினால் ஒன்றிரண்டு வருடத்தில் அதே வேலையை, அதே கூலியோடு, திரும்பச் செய்ய வேண்டும்.

எதையும் வாங்காமல் வந்துவிட்டேன்.

ஜூலை 10, வியாழன் (எசல போயா)

பௌர்ணமி விடுமுறை, கடைகள் பூட்டு. உட்கார்ந்து யோசிக்க நல்ல நாள்.

பொலியூரித்தேன் புஷ் போடச் சொல்லி நண்பர் ஒருவர் அழைத்துச் சொன்னார். அது உறுதியானது, ஸ்டியரிங் கூர்மையாகும், எல்லாம் சரி. ஆனால் ரப்பர் புஷ் முறுகி இடம்கொடுக்கிறது, பொலியூரித்தேனோ உள் குழாயின்மேல் வழுக்கிச் சுழல்கிறது. கிரீஸ் காய்ந்தால் கீச்சிடும். வீதியின் ஒவ்வொரு அதிர்வையும் உள்ளே கொண்டுவரும். பந்தய வண்டிக்கு நல்லது. வெள்ளவத்தைக் குறுக்குத் தெருக்களில் வயதானவர்களை ஏற்றிப் போகும் காருக்குக் கம்பனி ரப்பரே போதும்.

என் முடிவு இது: ரீகண்டிஷன் ஆர்ம் ஒரு சோடியை அதன் இரும்புக்காக மட்டும் வாங்குவது. அதிலிருக்கும் பழைய புஷ்களைப் பிரஸ்ஸில் தள்ளிவிட்டு, ஜெனுவின் புஷ் நான்கையும் புதிதாக ஏற்றுவது. 121-இல் போல் ஜொயின்ட் ஆர்மோடு ஒட்டிப் பிறந்ததல்ல, தனியாக போல்ட் போட்டுப் பூட்டுவது. ஆகவே அதையும் இரண்டு பக்கமும் புதிதாகப் போடலாம், ஜப்பானின் 555 பிராண்ட் போதும். என் வண்டியின் சொந்த ஆர்மிலேயே புஷ் மாற்றலாம்தான். ஆனால் கழற்றிப் பிரஸ்ஸுக்குக் கொண்டுபோய் வரும்வரை வண்டி கராஜில் கால் இல்லாமல் தொங்கும். கடற்காற்றில் பல வருடம் நின்றதால் என் ஆர்மின் குழாய் ஓரங்களில் கறளும் ஏறியிருக்கிறது.

ஒரு பக்கம் மட்டும் மாற்றினால் போதாதா என்று மனைவி கேட்டாள். போதாது. ஒரு பக்கம் புது ரப்பர், மறு பக்கம் தளர்ந்த ரப்பர் என்றால், பிரேக் பிடிக்கும்போது இரண்டு சில்லும் வெவ்வேறு அளவு பின்னே நகரும், வண்டி ஒரு பக்கம் இழுக்கும்.

ஜூலை 12, சனி

காலையிலேயே பஞ்சிகாவத்தை. ஆர்ம் தெரிவு செய்ய ஒரு மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தேன், அதற்காகக் கடைக்காரரிடம் முதலிலேயே சொல்லிவைத்தேன். ஜப்பானில் பனி பெய்யும் பகுதிகளில் வீதிக்கு உப்புப் போடுவார்கள், அங்கிருந்து வந்த சாமானின் அடிப்பக்கம் பொருபொருத்துப் போயிருக்கும். கம்பித் தூரிகையால் தேய்த்தபோது கறள் தூளாகப் போய்ச் சுத்தமான இரும்பு தெரிந்தால் சரி, குழிகுழியாக இருந்தால் வேண்டாம். வலதையும் இடதையும் சிமெந்துத் தரையில் அருகருகே வைத்து மூன்று முனைகளுக்கும் இடையிலான தூரத்தை டேப்பால் அளந்தேன். குழியில் விழுந்து அடிவாங்கிய ஆர்ம் கண்ணுக்கு நேராகத் தெரியும், அளவு காட்டிக்கொடுத்துவிடும். முதலில் தந்த இடது ஆர்ம் அப்படித்தான் சில மில்லிமீற்றர் குறைவு. கடைக்காரர் முகம் சுளிக்காமல் வேறொன்று எடுத்துத் தந்தார்.

பக்கத்து லேத் கடையில் பிரஸ் வேலை. புஷ்ஷைத் தள்ளுவதற்கு முன் அது எந்தக் கோணத்தில் இருந்தது என்று ஆர்மின் மேல் வெள்ளைப் பெயின்டால் கோடு போடச் சொன்னேன். பின் புஷ்ஷின் ரப்பரில் வெட்டு இடைவெளிகள் உண்டு. எந்தத் திசையில் விட்டுக்கொடுக்க வேண்டும், எந்தத் திசையில் உறுதியாக நிற்க வேண்டும் என்பதை அந்த இடைவெளிகள்தான் தீர்மானிக்கின்றன. திருப்பி ஏற்றினால் புதுப் புஷ்ஷும் வீண். லேத் ஐயா அதை என்னைவிட நன்றாக அறிந்தவர். ரப்பரில் படாமல் வெளிக்குழாயில் மட்டும் அமுக்கம் விழும்படி சரியான வளையம் ஒன்றைத் தேடி எடுத்து வைத்து ஏற்றினார். சில இடங்களில் ரப்பரை நெருப்பு வைத்து எரித்துச் சுத்தியலால் அடித்து ஏற்றுவார்கள். அங்கே கொடுக்காதீர்கள்.

ஜூலை 13, ஞாயிறு

வேலை நாள். அண்ணன் எனக்காக ஞாயிற்றுக்கிழமை கராஜைத் திறந்தார்.

வலது பக்கம் இலகு. மேக்ஃபெர்சன் ஸ்ட்ரட் (ஷொக்கும் சுருளும் ஒன்றாக நிற்கும் அமைப்பு) வண்டி என்பதால் சுருளை ஸ்ட்ரட்டே பிடித்து வைத்திருக்கிறது. ஆர்மைக் கழற்றினால் சுருள் தெறிக்கும் என்ற பயம் இல்லை. ஆனாலும் சில்லுப் பகுதியை வெளியே இழுக்கும்போது டிரைவ் ஷாஃப்டின் உள் முனை கழன்றுவிடாமல் ஒரு கயிற்றால் கட்டி வைத்தார். போல் ஜொயின்டின் கூம்பை விடுவிக்க சில்லைத் தாங்கும் நக்கிளின் பக்கத்தில் சுத்தியலால் இரண்டு அடி, வந்துவிட்டது.

இடது பக்கம்தான் நாளைத் தின்றது. கியர்பெட்டி அந்தப் பக்கம் இருப்பதால் ஆர்மின் முன் போல்ட் பாதி வந்ததும் அதில் முட்டி நின்றுவிடுகிறது. போல்ட்டை வெட்டி எடுத்துவிட்டுப் புதியதை எதிர்ப்பக்கமிருந்து போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அண்ணன் சம்மதிக்கவில்லை. எஞ்சினை மேலிருந்து தாங்கிப் பிடித்து, கிராஸ் மெம்பர் இருந்த இடத்தைச் சுற்றி அடையாளக் கோடு போட்டு, போல்ட்களைத் தளர்த்தி, அந்தப் பக்கத்தைக் கொஞ்சம் இறக்கினார். போல்ட் நழுவி வந்தது. கிராஸ் மெம்பர் சில மில்லிமீற்றர் விலகி உட்கார்ந்தாலும் சில்லின் சாய்வு மாறும், ஆகவே திரும்பப் பூட்டும்போது கோட்டோடு கோடு பொருந்தும்வரை விடவில்லை. போல் ஜொயின்டின் காசல் நட் கழன்றுவிடாமல் புது ஸ்ப்ளிட் பின்.

இந்த வேலை முழுவதிலும் முக்கியமான கட்டம் கடைசியில்தான் வருகிறது. ரப்பர் புஷ்ஷில் உள் குழாயும் வெளிக் குழாயும் ரப்பரோடு ஒட்டியே இருக்கின்றன. போல்ட்டை இறுக்கியதும் உள் குழாய் கிராஸ் மெம்பரோடு ஒன்றாகிவிடும். அதன் பிறகு ஆர்ம் மேலும் கீழும் ஆடுவது ரப்பர் முறுகுவதால் மட்டுமே. சில்லு அந்தரத்தில் தொங்கும்போது இறுக்கினால், வண்டி தரையில் நிற்கும் ஒவ்வொரு நொடியும் அந்த ரப்பர் ஈரத்துணியைப் பிழிந்தது போல முறுகியே இருக்கும். பிறகு ஒவ்வொரு குழியும் அந்த முறுக்கின்மேல் இன்னொரு முறுக்கு. நல்ல ஜெனுவின் புஷ்கூட இப்படித்தான் சீக்கிரம் கிழிந்து, சாமான் சரியில்லை என்ற பெயரை வாங்கிக்கொள்கிறது.

அண்ணன் போல்ட்களைக் கையளவு மட்டும் பூட்டி, சில்லுகளைப் போட்டு, வண்டியைக் குழியின் மேல் தரையில் நிறுத்தி, பொனட்டை அமுக்கி நாலைந்து தரம் ஆட்டிவிட்டார். அதற்குப் பிறகு குழிக்குள் இறங்கி, இறுக்கத்தை அளக்கும் டோர்க் ரென்ச்சைக் கம்பனி மனுவலில் உள்ள அளவுக்கு வைத்து இறுக்கினார்.

"எல்லாரும் மேல தூக்கியே இறுக்கிட்டுப் போயிடுறாங்க தம்பி. இதுக்கு இன்னும் அரைமணி நேரந்தான்."

அந்த அரைமணி நேரத்துக்குக் கூலியில் தனியாகச் சேர்த்துக் கொடுத்தேன்.

ஜூலை 15, செவ்வாய்

வீல் எலைன்மென்ட். இந்த வண்டியில் கம்பனி அமைப்பின்படி டோவை (சில்லுகள் உள்நோக்கியோ வெளிநோக்கியோ திரும்பி நிற்கும் அளவு) மட்டும்தான் டை ரொட் வழியாக இலகுவாகத் திருத்தலாம், கம்பர் (சில்லின் மேல்-கீழ்ச் சாய்வு) பெரும்பாலும் இருப்பதுதான். நல்லவேளை, கம்பர் இரண்டு பக்கமும் கிட்டத்தட்ட ஒன்றாக வந்தது. அண்ணன் போட்ட கோடுகளுக்கு நன்றி. டோ வெளிப்பக்கம் விரிந்திருந்தது, திருத்திக் கொடுத்தார்கள்.

ஜூலை 19, சனி

கொட்டாவையில் ஏறி தெற்கு அதிவேக வீதியில் காலி வரை. மணிக்கு 100 கிலோமீற்றரில் ஸ்டியரிங் நேராக நிற்கிறது. இதுவரை இடப்பக்கம் சற்று இழுத்துக்கொண்டிருந்ததை, அது நின்ற பிறகுதான் நன்றாக உணர்ந்தேன். வெளியேறும் இடத்தில் பிரேக் பிடித்தபோது சத்தமே இல்லை. அம்மா பாதி வழி தூங்கிக்கொண்டு வந்தார்.

ஜூலை 26, சனி

கராஜில் மறுபடி பார்த்தோம். போல்ட்கள் இறுக்கம் குறையவில்லை, போல் ஜொயின்ட் உறைகளில் கிரீஸ் கசிவில்லை, புஷ் ரப்பர் நடுவில் நேராக நிற்கிறது. முன் டயர்களைப் பின்னுக்கு மாற்றிவிட்டோம். கரடுமுரடான இடத்தில் லேசான 'கடகட' இப்போது தனியாகக் கேட்கிறது, ஸ்டெபிலைசர் லிங்க். அது இரண்டு நட் வேலைதான், சம்பளம் வந்ததும் சோடியாக மாற்றுவதாக அண்ணனிடம் சொல்லியிருக்கிறேன்.