கட்டவிழ்ப்பு: ஒரு கற்பனைத் தீவுக்குத் திருவிழா அமைத்த அனுபவம்

மேசையைச் சுற்றி உட்கார்ந்து, பகடை உருட்டி, ஆளுக்கொரு பாத்திரமாகக் கதையை நகர்த்தும் விளையாட்டு எங்கள் வீட்டில் சனிக்கிழமைகளில் நடக்கும். ஆடுபவர்கள் அண்ணன் பிள்ளைகளும் அவர்களின் நண்பர்களும். எல்லோரும் மொரீஷியஸில் ரோஸ் ஹில், காத்ர் போர்ன் பக்கத்தில் வளர்ந்தவர்கள். கதையை நடத்துபவன் நான். கதை நடக்கும் செங்கரைத் தீவு என் கற்பனை. அந்தத் தீவு மக்களுக்கென்று பருவத் திருவிழா ஒன்று வேண்டும் என்று பிள்ளைகள் கேட்டார்கள். அதை அமைத்த விதத்தை இங்கே எழுதுகிறேன். கற்பனை உலகம் கட்டுகிறவர்களுக்கு உதவலாம்.

பெயர், உடை, விளக்கு எல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று ஒதுக்கிவிட்டு, செங்கரையில் எந்த மாதம் என்ன விளையும், எப்போது கடலுக்குப் போக முடியாது, எப்போது கையிருப்பு தீரும் என்று ஒரு தாளில் எழுதினேன். இது எனக்குச் சுலபமாகவே வந்தது. மொரீஷியஸில் வாழ்கிறவனுக்கு நாட்காட்டி ஒரு பக்கமும் பருவம் இன்னொரு பக்கமும் நிற்பது பழகிய விஷயம். தமிழ்நாட்டில் பொங்கல் அறுவடைப் பண்டிகை. பூமத்திய ரேகைக்குத் தெற்கே இருக்கும் இங்கே அது நடுக்கோடையில், புயல் காலத்தின் உச்சத்தில் வருகிறது. கரும்பு வெட்டு ஜூனில் தொடங்கி டிசம்பர் வாக்கில் முடிந்துவிடும். பொங்கலன்று வயலில் நிற்பது அடுத்த வெட்டுக்கான கரும்பு. 2024இல் பெலால் புயலின் வெள்ளம் தலைநகர் போர்ட் லூயிஸ் தெருக்களில் கார்களை அடித்துக்கொண்டு போனது ஜனவரி 15, சரியாகப் பொங்கல் நாள்.

இதை அப்படியே செங்கரைக்குக் கொடுத்தேன். அதன் மக்கள் வடக்கிலிருந்து கப்பலில் வந்தவர்கள். கூடவே தங்கள் பண்டிகைகளையும் கொண்டுவந்தார்கள். அதனால் புதுநெல் விழாவைப் புயலுக்கு நடுவில், கதவைச் சாத்திக்கொண்டு, போன வருடத்து அரிசியில் ஒரு பிடி போட்டுப் பொங்குகிறார்கள். அதை நான் மாற்றவில்லை. கொண்டுவந்த பண்டிகையை யாரும் லேசில் விடுவதில்லை, விடவும் கூடாது என்பது என் எண்ணம். ஆனால் இந்த மண்ணிலேயே முளைத்த இன்னொரு விழாவும் அவர்களுக்கு இருக்கத்தானே வேண்டும்? அதுதான் கட்டவிழ்ப்பு.

அப்பா சொன்ன ஒரு செய்தி இதற்கு அடிப்படை. 1960 பிப்ரவரியில் கரோல் புயல் அடித்தபோது கூரையைக் கயிறு போட்டு இழுத்துக் கட்டியிருந்தார்களாம். அந்தப் புயலுக்குப் பிறகுதான் இங்கே கான்கிரீட் வீடுகள் பெருகின. செங்கரையில் கான்கிரீட் கிடையாது. புயல் மாதங்கள் தொடங்கும்போது கூரை, படகு, தானியக் குதிர் என எல்லாவற்றையும் தேங்காய் நார்க் கயிற்றால் கட்டுவார்கள். கடைசிப் புயல் போனதும் ஒரே நாளில் அவிழ்ப்பார்கள். அந்த நாள்தான் திருவிழா.

இதோடு நிறுத்தியிருந்தால் அது வெறும் விடுமுறை நாளாகத்தான் இருந்திருக்கும். தைப்பூசக் காவடியை யோசித்துப் பார்த்தேன். விரதம் இருந்து, வெயிலில் நடந்து, கோர்த் கார்ட் மலைக் கோயில் படி ஏறிப் போய்ச் செம்பைத் திறக்கும்போது பால் திரியாமல் இருக்க வேண்டும். எத்தனை வருடம் எடுத்தவர்களுக்கும் அந்த நொடியில் நெஞ்சு அடித்துக்கொள்ளும். திருவிழா என்றால் தவறிப்போகக்கூடிய ஏதோ ஒன்று அதில் இருக்க வேண்டும் என்று அப்போது பிடிபட்டது.

அதனால் இப்படி ஒரு விதி வைத்தேன்: தன் வீட்டுக் கட்டைத் தானே அவிழ்க்கக் கூடாது. பக்கத்து வீட்டார் வந்து அவிழ்க்க வேண்டும். கத்தி வைக்கவே கூடாது. மாதக்கணக்கில் மழையில் ஊறிய நார்க் கயிறு, முடிச்சு எது, கயிறு எது என்று தெரியாத அளவுக்கு இறுகியிருக்கும். மரக்குச்சியை இடுக்கில் செருகி, கொஞ்சம் நெம்பி, விரலால் இழுத்து, மறுபடி நெம்பித்தான் எடுக்க முடியும். ஒரு முடிச்சுக்கே நெடுநேரம் ஆகும். அதுவரை வீட்டுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்து பேச்சுக் கொடுக்க வேண்டும். சண்டையில் இருக்கிறவர்கள் என்ன செய்வார்கள்? அங்கேதான் கதை பிறக்கிறது.

சாப்பாட்டுக்கு அதிகம் மெனக்கெடவில்லை. புயலில் கரண்ட் போனால் குளிர்பெட்டியில் இருப்பதையெல்லாம் சமைத்து அக்கம்பக்கத்தோடு பகிர்ந்துகொள்வது எங்கள் பழக்கம். செங்கரையிலும் புயலுக்குச் சேமித்த கருவாடு, பருப்பு, ஊறுகாய் எல்லாம் அன்றைக்குத் தெருவில் வைத்துத் தீர்த்துவிட வேண்டும்.

பருவம் முடிந்தது என்று யார் சொல்வது? இதற்குத்தான் நிறைய யோசித்தேன். மொரீஷியஸில் புயல் எச்சரிக்கை நான்கு நிலை. அதற்கேற்பச் சிவப்புக் கொடிகள் கூடும், ஆபத்து நீங்கினால் நீலக் கொடி ஏறும் என்பது பழைய வழக்கம். செங்கரையில் வானிலை நிலையம் இல்லாததால், கடலோரத்தில் இருக்கும் ஒரு கிழவியிடம் அந்தப் பொறுப்பைக் கொடுத்தேன். அவள் சொன்ன பிறகுதான் முதல் முடிச்சு. அவசரப்பட்டுச் சொல்லி இன்னொரு புயல் வந்துவிட்டால் ஊர் முழுக்கக் கூரை இல்லாமல் நிற்கும்.

விளையாட்டில் இறக்கியபோது நான் எதிர்பார்த்ததைவிட ஆழமாகப் போனது. படகோட்டியாக ஆடிய அண்ணன் மகள், "சித்தப்பா, என் அப்பாவைக் காட்டிக்கொடுத்தவன் வீட்டுக் கட்டை நான் எதுக்கு அவிழ்க்கணும்?" என்று கேட்டாள். விதியைச் சொன்னேன். அவள் மறுத்தாள். மற்றவர்கள் அவளோடு வாதாடினார்கள். ஒருவன் மட்டும் அவள் பக்கம் நின்றான். பகடை மேசையிலேயே கிடந்தது, யாரும் உருட்டவில்லை. கடைசியில் அவள் அந்த வீட்டுக்குப் போனாள், குச்சியை எடுத்தாள், ஆனால் வீட்டுக்காரனோடு ஒரு வார்த்தை பேசவில்லை.

பேசாமல் அவிழ்த்த கட்டு செல்லுமா என்பதைச் செங்கரைப் பெரியவர்கள் அடுத்த சனிக்கிழமை கூடி முடிவு செய்யப்போகிறார்கள். அந்தப் பெரியவர்களாக ஆட மூன்று பேர் இப்போதே பெயர் கொடுத்திருக்கிறார்கள்.