இணைய இதழ் ஒன்றை வீடு மாற்றிய அனுபவம்

எங்கள் தளத்தைத் தன் சர்வரில் வைத்திருந்த பழைய ஹோஸ்டிங் நிறுவனத்திடமிருந்து மின்னஞ்சல் வந்தபோது கையில் 9 நாட்கள் இருந்தன. இந்தத் திட்டத்தை மூடுகிறோம், கோப்புகளை எடுத்துக்கொள்ளுங்கள் என்று இரண்டே வரி. எங்கள் வாசகர் வட்டம் 2003 முதல் நடத்திவரும் இணைய இதழ் அங்கேதான் இருந்தது. 11,000-க்கும் மேற்பட்ட கோப்புகள். ஆசிரியர் ஐயா இரவெல்லாம் உட்கார்ந்து ஸ்கேன் செய்த அட்டைப்படங்களுக்கு வேறெங்கும் பிரதி கிடையாது.

சர்வருக்குள் நுழைந்து கட்டளை கொடுக்கும் வசதி அந்த மலிவுத் திட்டத்தில் இல்லை, கோப்புகளை ஏற்றி இறக்கும் எஃப்டிபி என்ற முறை மட்டும்தான். வீட்டுக் கணினிக்கு இறக்கி மறுபடி ஏற்றலாம் என்றால், எஃப்டிபி ஒவ்வொரு கோப்புக்கும் தனியாக ஓர் இணைப்பைத் திறந்து மூடும். எங்கள் தெருவில் இணையம் வந்து போகும் லட்சணத்தில் அதை நம்பி இறங்க எனக்குத் துணிவில்லை. எஃப்டிபியை வரையறுத்த 1985-ஆம் ஆண்டு ஆவணத்திலேயே, நாம் நடுவில் நின்று கட்டளை மட்டும் கொடுக்க இரண்டு சர்வர்களும் நேராகக் கோப்பைக் கைமாற்றிக்கொள்ள வழி இருக்கிறது. அதை வைத்து மூன்றாம் கணினியைத் தாக்கலாம் என்று தெரிந்த பிறகு பெரும்பாலான சர்வர்கள் அந்தக் கதவை அடைத்துவிட்டன. முயன்று பார்த்தேன், இங்கும் அடைத்துத்தான் இருந்தது.

அப்போதுதான் பழைய குறுந்தகட்டில் இருந்த ஸ்கிரிப்ட் நினைவுக்கு வந்தது, சர்வரில் ஓடும் பிஎச்பி என்ற நிரல்மொழியில் எழுதிய சிறு நிரல். 2006-இல் இதழை முதல் முறை இடம் மாற்றியபோது வட்டத்து நண்பர் ஒருவர் எழுதியது. புதிய சர்வரில் வைத்து உலாவியில் திறந்தால், அதுவே பழைய சர்வருக்குள் நுழைந்து கோப்புகளை இழுத்துக்கொள்ளும். நம் வீட்டு இணைப்புக்கு அதில் வேலையே இல்லை.

முதல் ஓட்டத்திலேயே ‘இணைப்பு கிடைக்கவில்லை’ என்றது. உண்மையில் கிடைத்திருந்தது. பிஎச்பி 8.1 முதல் எஃப்டிபி இணைப்பு ஒரு பொருளாக (ஆப்ஜெக்ட் என்ற தரவு வகையாக) வருகிறது. ஸ்கிரிப்டோ பழைய வகையைத் தேடிக்கொண்டிருந்தது. அந்தச் சோதனையை மாற்றியதும் உள்ளே போனது, ஆனால் கோப்புப் பட்டியல் வராமல் நின்றது. உள்நுழைந்த பிறகு, தரவுக்கான இணைப்பையும் நம் பக்கமிருந்தே திறக்கும் பேசிவ் முறைக்கு மாற்றும் ஒரு வரியைச் சேர்த்ததும் பட்டியல் கொட்டியது. அடுத்து, சில நிமிடங்களில் பாதியில் அறுந்தது. பிஎச்பியின் நேர வரம்பை நீக்கியும் பயனில்லை. அறுத்தது பிஎச்பிக்கு முன்னால் நிற்கும் வெப் சர்வர் மென்பொருள், அதற்குத் தனி வரம்பு. பட்டியலை ஓர் உரைக் கோப்பில் எழுதிவைத்து, ஒரு முறைக்கு 40 கோப்புகள் மட்டும் எடுத்துவிட்டு, பக்கம் தானாகவே மறுபடி திறக்கும்படி மாற்றினேன். இரவு முழுக்க ஓடியது.

காலையில் ஆசிரியர் தொலைபேசியில் அழைத்தார். “தம்பி, கட்டுரையெல்லாம் வருகிறது. அட்டைப்படம் ஒன்றுகூடத் தெரியவில்லையே?”

“பார்த்துவிட்டுச் சொல்கிறேன் ஐயா” என்றேன். வயிற்றைப் பிசைந்தது.

ஓர் அட்டைப்படத்தின் அளவை இரண்டு பக்கமும் ஒப்பிட்டேன். பழையதில் 1,48,212 பைட்டுகள், புதியதில் 1,47,640. அடுத்து அதன் தொடக்க பைட்டுகளைப் பிரித்துப் பார்த்தேன். பிஎன்ஜி என்ற பட வடிவத்தில் உள்ள கோப்பு எதுவானாலும் முதல் 8 பைட்டுகள் 137, 80, 78, 71, 13, 10, 26, 10 என்றே இருக்க வேண்டும். என்னிடம் வந்ததில் 71-க்கு அடுத்து நேராக 10 நின்றது. 13-ஐக் காணவில்லை.

ஸ்கிரிப்ட் எல்லாக் கோப்புகளையும் ஆஸ்கி முறையில் கேட்டிருந்தது. எழுத்துக் கோப்புகளுக்கான முறை அது. விண்டோஸில் வரி 13, 10 என்ற இரண்டு பைட்டுகளால் முடியும், யூனிக்ஸில் 10 மட்டும். அதனால் யூனிக்ஸுக்குக் கோப்பு வந்து சேரும்போது 13-கள் களையப்படும். எழுத்துக் கோப்புக்கு அது உதவி. படத்துக்கு அது சிதைவு. பிஎன்ஜியை வடிவமைத்தவர்கள் இப்படிப்பட்ட மாற்றத்தை உடனே காட்டிக்கொடுப்பதற்காகவே 13, 10 இரண்டையும் முகப்பில் வைத்திருக்கிறார்கள். அந்த முன்யோசனையை நினைத்து நன்றியோடு கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். பிஎச்பி 7.3 முதல், முறையைக் குறிப்பிடாவிட்டால் பைனரி (பைட்டுகளை மாற்றாமல் அப்படியே எடுக்கும் முறை) என்றே எடுத்துக்கொள்ளும். பழைய ஸ்கிரிப்டுகளில் ஏதாவது ஒன்றை எழுதியே ஆக வேண்டும், அதில்தான் தவறு. களைந்த 13-களைத் திரும்பச் செருகவும் முடியாது, எங்கெங்கே இருந்தன என்று கோப்புக்குத் தெரியாது. பழைய சர்வர் இன்னும் உயிரோடு இருந்ததால் பைனரி முறையில் எல்லாவற்றையும் மீண்டும் இழுத்தேன்.

படங்கள் வந்தன. 2003-ஆம் ஆண்டு இதழ்களைத் திறந்தால் தமிழுக்குப் பதில் கேள்விக்குறிகள். அவை யூனிகோடு பரவுவதற்கு முன் புழங்கிய டிஸ்கி என்ற தமிழ்க் குறியேற்றத்தில் (எழுத்துகளை எண்களாகச் சேமிக்கும் முறையில்) உள்ளவை. புதிய சர்வர் எல்லாப் பக்கங்களையும் யூனிகோடு வகையான யூடிஎஃப்-8 என்று அறிவித்து அனுப்பியது. பழைய இடத்தில் இதைத் தடுக்கும் வரி, அந்த ஃபோல்டருக்கான சர்வர் அமைப்புகளைச் சொல்லும் எச்டிஆக்சஸ் (.htaccess) கோப்பில் இருந்தது. பெயர் புள்ளியில் தொடங்குவதால் பழைய சர்வர் அதைப் பட்டியலிலேயே காட்டவில்லை. பட்டியலில் இல்லாததை ஸ்கிரிப்ட் எப்படி எடுக்கும்? பெயரைச் சொல்லிக் கேட்டதும் தந்துவிட்டது. ஆசிரியரின் முதல் தலையங்கம் எழுத்து எழுத்தாகத் திரும்பி வந்தது.

பிறகு இரண்டு சர்வர்களிலும் உள்ள ஒவ்வொரு கோப்புக்கும் எம்டி5, அதாவது உள்ளடக்கத்திலிருந்து கிடைக்கும் கைரேகை போன்ற எண், கணக்கிட்டு ஒப்பிட்டேன். 3 கோப்புகள் வேறுபட்டன, மூன்றும் பாதியில் அறுந்தவை. அவற்றை மறுபடி எடுத்து ஒப்பிட்டபோது வேறுபாடு 0. ஸ்கிரிப்டுக்குள் பழைய சர்வரின் கடவுச்சொல் அப்படியே எழுதப்பட்டிருந்தது, அதுவும் யாரும் உலாவியில் திறக்கக்கூடிய இடத்தில். அதை அழித்தேன், கடவுச்சொல்லை மாற்றினேன், ஆசிரியரை அழைத்தேன். அவர் ஏற்கெனவே 2004 பொங்கல் மலரைத் திறந்து படித்துக்கொண்டிருந்தார்.